கார்த்திகை மாதத்து ஆப்பிள் சட்டி

போன ஞாயிற்றுக்கிழமை நம் பள்ளிக்கூடத்து வாட்ஸப் குழுவில் ஒரு படம் வந்தது. சின்ன வயதில் என் எதிர்வீட்டுக்காரியாக இருந்தவள்தான் போட்டிருந்தாள். பெங்களூரிலிருந்து பேரன் வந்திருக்கிறானாம், அவனுக்காக ஓவனில் ஆப்பிள் கிரிஸ்ப் செய்தாளாம். அடியில் பட்டைத்தூள் போட்ட ஆப்பிள், மேலே ஓட்ஸ், நன்றாகச் சிவந்து மொறுமொறுத்த மேல்பரப்பு. நீங்கள் எல்லோரும் இதயம் போட்டீர்கள், கை தட்டினீர்கள். நான் மட்டும் ஒன்றும் போடவில்லை. "ஏட்டி, ஒனக்கு என்ன பொறாமையா?" என்று இரண்டு பேர் தனியாகப் போன் போட்டுக் கேட்டும்விட்டீர்கள்.

பொறாமையும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. அந்தப் பலகாரத்தை நான் எட்டு வயதிலேயே தின்றவள். எப்படித் தின்றேன் என்பதை உங்களில் ஒருத்தியிடமும் சொன்னதில்லை. சுகரும் பிரஷரும் ஏறிக் கிடக்கிற இந்த வயதில் இனி யாருக்குப் பயந்து மறைக்க வேண்டும்? எதிர்வீட்டுக்காரியே, நீயும் படி. இதில் நீயும் வருவாய். ஆனால் உன்னைக் குறை சொல்ல எழுதவில்லை, அதனால் பாதியில் கோபித்துக்கொண்டு போய்விடாதே.

எங்கள் தென்காசி வீடு உங்களுக்குத் தெரியும். முன்கட்டில் அம்மாவும் நானும். அப்பா போலீஸ், எப்போதும் ஏதாவது ஒரு தூரத்து ஸ்டேஷனில். பின்கட்டில் சித்தப்பாவும் சித்தியும். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. சித்தப்பாவுக்கு மரம் அறுக்கிற மில்லில் வேலை. கை ஒவ்வொன்றும் அங்கே கிடக்கிற தேக்குத் துண்டு மாதிரி இருக்கும். அந்தக் கை யார் மேல் விழும் என்பது தெருவுக்கே தெரியும்.

குழம்பில் உப்பு கூடிற்று என்று உழக்குப் படியை வீசிச் சித்தியின் முன்பல்லை உடைத்திருக்கிறார். கதவைச் சாத்தியபோது அவள் விரல் நடுவில் இருப்பது தெரிந்தும் சாத்தினார். அந்த விரல் பிறகு மடங்கவே இல்லை, பூத்தொடுக்கும்போது தனியாக நீட்டிக்கொண்டு நிற்கும். அடி விழும்போதெல்லாம் அம்மா முன்கட்டுக் கதவைத் தாழ்போட்டுவிட்டு என் இரண்டு காதையும் பொத்திக்கொள்வாள். என் அம்மாவைப் போல் ஒரு கோழை உலகத்திலேயே கிடையாது என்று அப்போது நினைத்தேன்.

வருசத்தில் நாற்பத்தோரு நாள் மட்டும் அடி கிடையாது. கார்த்திகை ஒன்றாம் தேதி சித்தப்பா சபரிமலைக்கு மாலை போட்டுவிடுவார். கறுப்பு வேட்டி, செருப்பில்லாத கால், விடியுமுன் பச்சைத் தண்ணீரில் குளியல், ஒரு வேளைச் சாப்பாடு, ராத்திரிக்குப் பழம். சாராயத்தின் பக்கமே போகமாட்டார். வீட்டில் கறி, மீன், முட்டை எதுவும் நுழையக் கூடாது. அவரை நாங்கள் 'சாமி' என்றுதான் கூப்பிட வேண்டும். அவரும் பெண்பிள்ளைகள் எல்லோரையும், சித்தியைக்கூட, 'மாளிகப்புறம்' என்பார். மற்ற நாளில் 'ஏட்டி', 'சவத்து மூதி' தவிர வேறு பெயர் அவள் கேட்டதில்லை. "மாளிகப்புறம், கொஞ்சம் தண்ணி" என்று அவர் கேட்பதும், இவள் "இந்தா கொண்டாறேன் சாமி" என்று ஓடுவதும், புதுசாகக் கல்யாணம் ஆனவர்கள் வீடு போல இருக்கும்.

அந்த நாற்பத்தோரு நாளும் சித்தி பாடுவாள், முடியை விரித்துப் போட்டு வெயிலில் காயவைப்பாள், எனக்கு மருதாணி வைத்துவிடுவாள். அவளுக்கு வருசமே அவ்வளவுதான்.

நான் சொல்லுகிற கார்த்திகைக்கு முன்னால் எனக்கு டைபாய்டு வந்து படுத்திருந்தேன். டாக்டர் ஓட்ஸ் கஞ்சி கொடுக்கச் சொன்னார். அப்போது அது தகர டப்பாவில்தான் வரும். பசை காய்ச்சின மாதிரி இருக்கும் அதை இரண்டு நாள் குடித்துவிட்டு மூன்றாம் நாள் அம்மாவின் மடியிலேயே துப்பினேன். முக்கால் டப்பா மிஞ்சிப்போனது. அது ஆகாரமா, மருந்தா, எதில் சேர்ப்பது என்று தெரியாமல் அம்மா அதைப் பரணில் ஏற்றிவிட்டாள்.

விரதத்தின் முப்பதாவது நாள், சனிக்கிழமை, காலையில் சித்தி அந்த டப்பாவைப் பரணிலிருந்து இறக்கினாள். சித்தியின் அப்பா புளியறை தாண்டி, மலைக்கு அந்தப் பக்கம், கேரளத்தில் ஒரு தேயிலை எஸ்டேட் பங்களாவில் சமையல்காரர். கல்யாணத்துக்கு முன் அவளும் அந்த அடுப்படியில்தான் வளர்ந்தாள்.

"ஏட்டி, சாமி ராத்திரியெல்லாம் வெறும் பழத்தத் தின்னுட்டுப் படுக்காவ. முகமே வத்திப் போச்சு. எங்கப்பா பங்களால தொரைசானிக்கு ஒண்ணு செய்வாவ. அதைச் செஞ்சு வைப்போம். பழமும் நெய்யும்தான, விரதத்துக்கு ஆகும்."

யாருக்காகச் செய்தாள், பார்த்தீர்களா? இன்னும் பதினோரு நாள்தான் பாக்கி. அதற்குள் அவர் நாக்கில் ஒரு இனிப்பைத் தடவிவிட்டால், மாலையைக் கழற்றிய பிறகும் கொஞ்ச நாள் கை ஓங்காது என்று பைத்தியக்காரி நம்பினாள்.

பஸ் ஸ்டாண்டு பழக்கடையில் சித்தப்பா வாங்கிப்போட்ட ஆப்பிளில் ஏழெட்டு சுருங்கிக் கிடந்தது. தோல் சீவி, மெல்லிசாக நறுக்கி, கறுக்காமல் இருக்க எலுமிச்சம்பழம் பிழிந்தாள். பட்டை, கிராம்பு, குத்தாலத்து மலைத்தோட்டத்திலிருந்து வந்த சாதிக்காய் ஒரு சுரண்டல், எல்லாவற்றையும் சின்ன உரலில் போட்டு என்னை இடிக்கச் சொன்னாள். சீனியும் அந்தப் பொடியும் போட்டு ஆப்பிளைப் பிரட்டிப் பித்தளைச் சட்டியில் பரப்பினாள். இன்னொரு தாம்பாளத்தில் ஓட்ஸ், கோதுமை மாவு, சீனி, உறைந்த நெய். புட்டுக்கு மாவு பிசிறுகிற மாதிரி விரல் நுனியால் பிசிறினாள். மடங்காத விரல் மட்டும் மாவில் படாமல் நீட்டிக்கொண்டு நின்றது. அந்த உதிரியை ஆப்பிள் மேல் தூவி மூடினாள்.

ஓவனுக்கு எங்கே போவது? பெரிய இரும்புச் சட்டியில் ஆற்றுமணலைக் கொட்டிச் சூடேற்றி, அதில் பித்தளைச் சட்டியைப் புதைத்து, மேலே ஒரு தட்டை மூடி, தட்டின் மேல் நெருப்புக் கங்குகளை அள்ளிப் போட்டாள். அடியிலும் நெருப்பு, தலையிலும் நெருப்பு. பிறகு சொன்னாள்:

"ஏட்டி, நடையில இருக்க தெருப்பக்கத்துச் சன்னலச் சாத்திக் கொண்டிய போடு. பட்டை கிராம்பு வாசம் வெளிய போச்சுன்னா கறி கொதிக்குன்னு சொல்லிப்புடுவாளுவ. மாலை போட்ட வீடு."

உண்மைதானே? நம் ஊரில் அந்தக் காலத்தில் பட்டையும் கிராம்பும் எதற்கு வாங்குவார்கள்? ஞாயிற்றுக்கிழமைக் கறிக்கு. அதை இனிப்பில் போடுவார்கள் என்று நம் தெருவில் எவளுக்குத் தெரியும்?

நான் எழுந்து போனேன். சன்னலைச் சாத்தவில்லை.

எதிர்வீட்டு நடையில் நீ பாண்டி ஆடிக்கொண்டிருந்தாய். முந்தின வாரம் உங்கள் வீட்டுப் பிளம் கேக்கை எனக்குக் காட்டிக் காட்டித் தின்றாயே, ஞாபகம் இருக்கிறதா? இருக்காது. எனக்கு இருந்தது. இந்த வாசம் உன் மூக்கில் ஏறட்டும், உன் நாக்கில் எச்சில் ஊறட்டும், "என்னட்டி செய்யுதீங்க?" என்று நீ வந்து கெஞ்சட்டும், நான் சொல்லாமல் நிற்கவேண்டும். அந்தக் கெட்ட ஆசையில் இரண்டு கதவையும் இன்னும் அகலமாகத் திறந்து வைத்தேன்.

அரை மணி நேரத்தில் வாசம் எழும்பிற்று. அப்படி ஒரு வாசம்! நெய்யும் கிராம்பும் வெந்த பழமும் சேர்ந்து வீட்டைத் தூக்கிக்கொண்டு போனது. சித்தி கண்ணை மூடி அதை இழுத்துவிட்டு, "வந்துட்டு, வந்துட்டு, பக்குவம் வந்துட்டு" என்று சிரித்தாள். உடைந்த பல் தெரியச் சிரித்தாள்.

அன்றைக்கு மில்லில் ஏதோ பெல்ட் அறுந்துபோய் வேலை நின்றிருக்கிறது. ஒரு மணிக்கு வருகிறவர் பதினொன்றரைக்கே வந்தார். தெருமுனையில் கறுப்பு வேட்டியைச் சன்னல் வழியாகப் பார்த்தேன். நீயும் பார்த்தாய். ஓடிப்போய் அவர் முன்னால் நின்று, மூக்கைச் சுளித்துக்கொண்டு, "சாமி, ஒங்க வீட்ல கறி மணக்கு!" என்றாய். எட்டு வயதுப் பிள்ளை, மணந்ததைச் சொன்னாய். பக்கத்தில் தெருக்குழாய் நல்லியடியில் தண்ணீர் பிடித்த பொம்பிளைகள் நாலு பேர் திரும்பிப் பார்த்தார்கள். ஒருத்தி வாயைப் பொத்திச் சிரித்தாள்.

அந்தச் சிரிப்பைத்தான் அவர் வீட்டுக்குள் கொண்டுவந்தார்.

"ஏட்டி!"

முப்பது நாளாக அவர் வாயில் கேட்காத சொல். சித்தி எழுந்திருப்பதற்குள் அவர் கால் பாய்ந்துவிட்டது. தட்டு பறந்தது, கங்கு அடுப்படியெங்கும் சிதறியது. ஒரு கை நிறையக் கங்கு சித்தியின் இடது முழங்கையில் விழுந்து ஒட்டிக்கொண்டது. பித்தளைச் சட்டி உருண்டு நடைக்கு வந்து என் காலடியில் கவிழ்ந்தது. சூடான மணல் அவர் வெறுங்காலிலும் பட்டிருக்கும், அவர் அதைக் கண்டுகொள்ளவில்லை.

"விரத வீட்ல கறியாட்டி வைக்க? எவனுக்குட்டி வைக்க? ஊரு பூரா சிரிக்கு!"

"சாமி, கறி இல்ல சாமி, ஆப்பிள் சாமி, ஒங்களுக்குத்தான் சாமி..."

அவர் குனிந்து சட்டியை நிமிர்த்தினார். உள்ளே ஆப்பிள். விரலால் தோண்டி முகர்ந்தும் பார்த்தார். நானும் அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டே நின்றேன். அப்பாடா, தெரிந்துவிட்டது, இனி விட்டுவிடுவார் என்று நினைத்தேன்.

சட்டியை அப்படியே வைத்தார். கழுத்தில் கிடந்த மாலை அறுந்துவிடாமல் இருக்க, அதை எடுத்து நிதானமாக முதுகுப் பக்கம் தள்ளிவிட்டுக்கொண்டார். பிறகு சித்தியின் விரித்த முடியைக் கையில் சுற்றி, இழுத்துக்கொண்டு போய் உள்ளறையில் போட்டு அடித்தார். "ஆப்பிளுக்கு எதுக்குட்டி பட்டை கிராம்பு? என்னை அசிங்கப்படுத்தவா செஞ்ச?" முன்னால் உதைத்தது சந்தேகத்தில். இது, தன் தப்பு தெரிந்த பிறகு அடித்த அடி. முதலாவதைவிட இரண்டாவதுதான் வலுவாக விழும் என்று அன்றைக்குத் தெரிந்துகொண்டேன். விறகுக்கட்டை இரண்டாகப் போனது. அவள் தலை சுவரில் மோதுகிற சத்தம் தேங்காய் விடலை போடுகிற சத்தம் மாதிரியே இருந்தது. அத்தனை அடிக்கும் அவள் வாயில் "சாமி! சாமி!" என்பதைத் தவிர வேறு வரவில்லை. கடைசியில் ஒரே ஒரு தரம் மட்டும், "மாலையக் கழத்தி வச்சிட்டு அடியும்வே!" என்றாள். அதற்கும் ஒரு அடி விழுந்தது.

தெருவில் கேட்டவர்கள் பிற்பாடு சொன்னதைக் கேளுங்கள்: "சாமி சாமின்னு சத்தம் கேட்டுது, பூசை நடக்குன்னுல்லா இருந்தோம்." பதினொன்றரை மணிக்கு என்ன பூசை, எந்தச் சாமிக்குப் பூசை?

இப்போது நான் என்ன செய்துகொண்டிருந்தேன் என்று கேட்பீர்கள். என் காலடியில் அந்தச் சட்டி. பாதி ஆப்பிள் நடையில் சிந்திக் கிடந்தது. பயத்தில் உட்கார்ந்தேன். வாசம் முகத்தில் அடித்தது. ஒரு விள்ளல் எடுத்து வாயில் போட்டேன். சாம்பலும் மணலும் நறநற என்றது. அதையும் மீறி அந்த ருசி. மேலே மொறுமொறுவென்று உடைந்தது, அடியில் பழம் கரைந்தது. இன்னொரு விள்ளல் எடுத்தேன். அப்புறம் நிறுத்த முடியவில்லை. உள்ளறையில் அடிச்சத்தம், நடையில் நான் மென்ற சத்தம். அம்மா முன்கட்டிலிருந்து ஓடிவந்து என்னை இழுத்துக்கொண்டு போனபோது என் இரண்டு கையிலும் ஓட்ஸ் ஒட்டியிருந்தது. அம்மா அதை முந்தானையால் துடைத்துவிட்டாள்.

மறுநாள் குருசாமி வந்தார். சித்தப்பாவுக்கு மாலை போட்டுவிட்டவர், அரிசிக்கடைக்காரர், ஊரே மதிக்கிற பெரிய மனுசர். சித்தியின் கையில் வாழைக் குருத்தைச் சுற்றியிருந்ததைப் பார்த்தார், பார்க்காதது மாதிரி முகத்தைத் திருப்பிக்கொண்டு தீர்ப்புச் சொன்னார்:

"வாசம் வந்தது வந்ததுதான். சந்தேகம் வந்தாலே விரதத்துக்குக் குறை. மாளிகப்புறம் மெயினருவியில தலை நனைச்சிட்டு வந்து சாமிட்ட மன்னிப்புக் கேக்கட்டும்."

அம்மா வாயைத் திறந்து, "அடிச்சது?" என்றாள். அவ்வளவுதான் கேட்டாள்.

"சாமிக்கும் கோவம் வரும்லா தாயி," என்றார் குருசாமி.

குத்தாலத்துக்கு அம்மாவும் நானும்தான் சித்தியைக் கூட்டிக்கொண்டு போனோம். கார்த்திகை மழையில் அருவி பாறையைப் பிளக்கிற மாதிரி விழுந்தது. பொம்பிளைகள் பக்கத்தில் சித்தி கம்பியைப் பிடித்துக்கொண்டு உள்ளே போனாள். சேலை முதுகோடு ஒட்டியபோது ரத்தம் கட்டிய வரிகள் துணிக்கு மேலேயே தெரிந்தன. தண்ணீர் அந்த முதுகில் அறைந்தது. அவள் வாய் அகலத் திறந்திருந்தது. அழுகிறாள் என்று நினைத்து நான் கம்பியைப் பிடித்துக்கொண்டு கிட்டே போனேன்.

அழவில்லை. திட்டினாள். என் எட்டு வயதுக்கு அப்படிப்பட்ட கெட்ட வார்த்தைகளை நான் கேட்டதே இல்லை. "சவத்து மூதி! ஒன் கையி அழுகிப் போவ! மில்லு ரம்பத்துல ஒன் வெரலு போவ! நீ ஏறுத மலை ஒன்னத் தள்ளி விட!" தொண்டை கிழியக் கத்தினாள். ஒரு முழம் தள்ளி நின்ற பெண்ணுக்குக்கூட ஒன்றும் கேட்கவில்லை. அருவி அத்தனையையும் விழுங்கிக்கொண்டது. கால் மணி நேரம் திட்டிவிட்டு வெளியே வந்தாள். முகம் தெளிந்திருந்தது. ஈரச்சேலையோடு வீட்டுக்கு வந்து, அவர் காலில் விழுந்து, "மன்னிச்சிருங்க சாமி" என்றாள்.

நாற்பத்தோராவது நாள் இருமுடி கட்டினார்கள். வழக்கப்படி சித்தி வலது கையால் மூன்று பிடி அரிசி அள்ளிப் போட்டாள். சரணம் சொல்லிக்கொண்டு வேன் புறப்பட்டது. திரும்பி வந்து மாலையைக் கழற்றினால் என்ன நடக்கும் என்று அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

மறுநாள் நான் வெளியே விளையாடிவிட்டு வந்தால் பின்கட்டு பூட்டியிருந்தது. பரணில் ஓட்ஸ் டப்பாவும் இல்லை. "எப்ப போனா, எங்கன போனான்னே தெரியாது," என்று அம்மா எல்லோரிடமும் சத்தியம் செய்தாள். தெரு முழுக்க 'ஓடிப்போனவள்' என்றது. மலையிலிருந்து வந்த சித்தப்பா தேடிக்கொண்டு எஸ்டேட்டுக்கே போனார். அங்கே சித்தியின் அப்பா தேயிலை கவாத்து வெட்டுகிற கத்தியோடு வாசலில் நின்றாராம். இரண்டாம் தரம் போனபோது தோளில் அந்தக் கத்தி இறங்கிய காயத்தோடு திரும்பி வந்தார். பிறகு போகவில்லை. கடைசிக் காலத்தில் வாதம் வந்து படுத்து, என் அம்மா கையால் ஓட்ஸ் கஞ்சி குடித்துத்தான் செத்தார். எனக்கு அழுகை வரவில்லை.

அந்தச் சன்னலை நான் மறக்கவில்லை. கல்யாணமாகி, பிள்ளை பெற்று, வேலையிலிருந்து ஓய்வும் பெற்றேன். இன்றைக்கும் பிரியாணிக்குத் தாளித்தால் என் கை தானாகச் சன்னலுக்குப் போகிறது. இந்த வருசம் பொறுக்கமாட்டாமல் மகனைக் காரெடுக்கச் சொல்லிக் கிளம்பினேன். புளியறை செக்போஸ்ட்டில் லாரி வரிசையில் ஒரு மணி நேரம் நின்று, மலையேறி, எஸ்டேட்டில் சித்தி இருக்கிற வீட்டை விசாரித்து விசாரித்துப் போய்ச் சேர்ந்தோம். சித்திக்கு எண்பதுக்கு மேல். காது கேட்கிறது, கண் கொஞ்சம் மங்கல். கதவைத் திறந்ததும் என் முகத்தைத் தடவிப் பார்த்து, "மோளே, நீயாட்டி!" என்றாள். இடது முழங்கையில் தோல் இன்னும் சுருங்கியே இருந்தது.

சன்னலை நான்தான் திறந்து வைத்தேன் என்று சொன்னேன். அவள் சிரித்தாள்.

"அதையாட்டி இத்தன வருசமாச் சுமந்துட்டுத் திரிஞ்ச? சட்டியத் தெறந்து பாத்தாம்லா? உள்ள ஆப்பிள்தான இருந்துது? அதுக்கப்புறமும் அடிச்சாம்லா? சன்னல் என்னட்டி செய்யும், பாவம்."

எதிர்வீட்டுக்காரியே, இந்தப் பதில் உனக்கும் சேர்த்துத்தான்.

அப்புறம் சித்தி இன்னொன்றும் சொன்னாள். "என்னை பஸ் ஏத்தி விட்டது ஒங்கம்மைதாம்ட்டி. தாலியில கெடந்த குண்டுமணியக் கழத்திக் கையில தந்தா. 'நீ போயிரு, நான் சாவுத வரைக்கும் சொல்லமாட்டேன்'னா." அம்மா சொன்னபடியே செத்தாள், என்னிடம்கூடச் சொல்லவில்லை. அவளைக் கோழை என்று நினைத்த என் வாயில்தான் அரிசி போட வேண்டும்.

இவ்வளவு ஆன பிறகுதான் எனக்கு மற்றதைச் சொல்லத் தைரியம் வந்தது. தலையைக் குனிந்துகொண்டு சொன்னேன்.

"சித்தி, உள்ள அவரு ஒன்ன அடிச்சிக்கிட்டு இருக்கும்போது, நான் நடையில உக்காந்து அதைப் பொறுக்கித் தின்னேன். சாம்பலோட தின்னேன். நிறுத்தவே இல்ல சித்தி."

அடுப்பில் தேயிலைத் தண்ணீர் கொதித்துப் பொங்கியது, அவள் அதை இறக்கவில்லை. என்னை வெளியே போ என்று சொன்னால் போய்விட வேண்டியதுதான் என்று எழுந்துவிட்டேன். மடங்காத அந்த விரலோடு என் கையைப் பிடித்து உட்காரவைத்தாள்.

"நான் ஒரு வாய்கூட ருசி பாக்கலட்டி அன்னைக்கு," என்றாள். "மேல மொறுமொறுன்னு வந்திருந்துதா?"

"வந்திருந்துது சித்தி."

"பழம் கரைஞ்சிருந்துதா?"

"கரைஞ்சிருந்துது. நல்லா இருந்துது சித்தி."

"அது போதும்," என்று சொல்லிவிட்டு, தேயிலையை இறக்க எழுந்தாள்.